தோற்றால் துரத்துவதா?

சென்ற ஆண்டுக் கூடைப்பந்துப் போட்டியில் நம் மன்றக் குழு தோற்றது. மறுவாரமே, பயிற்சியளித்த மூத்த மாணவரை விலக்கினோம். கை தூக்கியவர்களில் நானும் ஒருவன். "ஆடத் தெரிந்தவர்க்கெல்லாம் ஆட்டுவிக்கத் தெரியுமா?" என்று ஏளனமும் பேசினேன்.

பில் ரசலை எண்ணும்போது நாணமாக இருக்கிறது, நண்பர்களே! 1966இல் அமெரிக்காவின் பாஸ்டன் செல்டிக்ஸ் குழு, தன் ஆட்டக்காரரான அவரையே பயிற்சியாளராக்கியது. என்.பி.ஏ.வில் அப்பொறுப்பேற்ற முதல் கறுப்பினத்தவர் அவர். தாமும் ஆட வேண்டும், பிறரையும் ஆட்டுவிக்க வேண்டும். முதல் ஆண்டே அடி! எட்டு ஆண்டுகள் தொடர்ந்து வாகை சூடிய குழு, 1967இல் பிலடெல்பியாவிடம் வீழ்ந்தது. நாமாயிருந்தால் அன்றே கை தூக்கியிருப்போம். பாஸ்டன் பொறுத்தது. 1968, 1969 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் வெற்றி அவர்களுக்கே.

என் தந்தை பிழைப்புக்காக நகரிக்கு வந்தவர். விசைத்தறியில் அவர் முதலில் நெய்த சேலைகள் பழுதாயின, தறிக்காரர் பொறுத்தார். இல்லையேல் நான் இன்று திருப்பதியில் எம்.எஸ்ஸி. படிப்பதேது?

அந்த அண்ணன் இன்னும் இதே வளாகத்தில் ஆராய்ச்சி மாணவராகத்தான் இருக்கிறார். அவரை மீண்டும் அழைக்க வேண்டுமென்று அடுத்த கூட்டத்தில் நான் முன்மொழியப்போகிறேன். வழிமொழிய வருவோர் யார்?