மூன்றாவதாக வந்தவர்

மூன்றாம் இடத்தைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருக்கிறேன். நினைக்கும்போதெல்லாம் ஒரே முகம்தான் முன்னால் வந்து நிற்கும். எலிசா லோங்கோ போர்கினி, இத்தாலியின் சைக்கிள் வீராங்கனை. 2012 உலகச் சாம்பியன் பந்தயத்தில் மூன்றாவது. 2016 ரியோ ஒலிம்பிக்கில் மூன்றாவது. 2020 உலகச் சாம்பியன் பந்தயத்தில் மூன்றாவது. கொரோனாவால் ஓராண்டு தள்ளிப்போய் 2021இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கில் மறுபடியும் மூன்றாவது.

டோக்கியோ பந்தயம் நடந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஜூலை 25. நம் கடிகாரத்தில் காலை ஒன்பதரைக்குத் தொடங்கியது. முடியும்போது மத்தியானச் சாப்பாட்டு நேரம். வீட்டில் கூப்பிடக் கூப்பிட நான் திரையை விட்டு எழுந்திருக்கவில்லை. அன்றைக்கு நடந்ததைப் பலர் அறிவார்கள். ஆஸ்திரியாவின் அன்னா கீசன்ஹோஃபர், கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்றவர், எந்தத் தொழில்முறை அணியிலும் இல்லாதவர், கொடி அசைத்த உடனேயே முன்னால் கிளம்பிப் போய்விட்டார். ஒலிம்பிக்கில் காதில் ரேடியோ வைத்துக்கொள்ள அனுமதி கிடையாது. முன்னால் போன மற்றவர்களைப் பிடித்ததும், எல்லோரையும் பிடித்துவிட்டோம் என்று பின்னால் வந்த கூட்டம் எண்ணிவிட்டது. நெதர்லாந்தின் அன்னமீக் வான் ஃப்ளூட்டன் தங்கம் தனக்குத்தான் என்று கையை உயர்த்திக்கொண்டே கோட்டைக் கடந்தார். அவருக்கு ஒரு நிமிடத்துக்கு மேல் முன்பே கீசன்ஹோஃபர் வந்து சேர்ந்திருந்தார்.

கேமராக்கள் எல்லாம் இந்த இரண்டு பேரையே சுற்றிக்கொண்டிருந்தன. சில நொடிகள் கழித்து இன்னொருவர் தனியாக வந்தார். வான் ஃப்ளூட்டன் பாய்ந்து போன பிறகு கூட்டத்திலிருந்து தன்னைப் பிய்த்துக்கொண்டு கிளம்பி, கடைசிவரை ஒருத்தர் நிழலும் இல்லாமல் மிதித்து வந்தவர். அவரை யாரும் சரியாகக் காட்டவில்லை. அன்றிலிருந்து எலிசாவின் பந்தயங்களைத் தேடித் தேடிப் பார்க்கிறேன்.

சைக்கிள் பந்தயம் காற்றோடு நடக்கும் பந்தயம். முன்னால் போகிறவர் காற்றைக் கிழிக்கிறார். பின்னால் ஒட்டி வருகிறவருக்கு உழைப்பு கணிசமாகக் குறைகிறது. அதனால் எவ்வளவு பலசாலியாக இருந்தாலும் ஒருத்தர் தனியாகப் போனால், முறைபோட்டு இழுத்துக்கொண்டு வரும் நாலு பேரிடம் அகப்பட்டுக்கொள்வார். ரியோவில் அப்படித்தான் ஆயிற்று. கோபகபானா கடற்கரைச் சாலையில் அமெரிக்காவின் மாரா அபாட் தனியாக முன்னால் போய்க்கொண்டிருந்தார். துரத்தி வந்தவர்கள் மூன்று பேர்: நெதர்லாந்தின் அன்னா வான் டெர் ப்ரெக்கன், ஸ்வீடனின் எம்மா யோஹான்சன், நம் எலிசா. கோட்டுக்கு இருநூறு மீட்டருக்குள்ளே அபாட்டைத் தாண்டிவிட்டார்கள். தங்கம், வெள்ளி, வெண்கலம் மூன்றும் அந்த மூவருக்கு. அபாட் நாலாவது. எலிசாவுக்கு நீண்ட ஏற்றம் கைவரும், தனியாகப் பாய்வது கைவரும். கடைசி இருநூறு மீட்டரில் சுருக்கென்று வேகம் எடுப்பதில் அவரைவிடத் தேர்ந்தவர்கள் பலர் உண்டு. அவருக்கு வாய்த்த மூன்றாம் இடங்களில் பாதிக்கு இதுதான் காரணம்.

அவர் 1991 டிசம்பரில் பிறந்தவர். ஊர் ஓர்னவாஸ்ஸோ, வடமேற்கு இத்தாலியில் மஜ்ஜோரே ஏரிக்குப் பக்கத்து மலைப்பள்ளத்தாக்கு. மிலான் பேராலயத்துக்குச் சலவைக்கல் வெட்டியெடுத்த பூமி அது. அம்மா குயிதினா தல் ஸாஸ்ஸோ, பனிச்சறுக்கில் இத்தாலிக்காக ஒலிம்பிக் போனவர். அப்பாவுக்கும் பனிச்சறுக்குத்தான் தொழில். அண்ணன் பாவ்லோ, தொழில்முறைச் சைக்கிள்காரர். இத்தாலியர்கள் ‘கிரெகாரியோ’ என்று ஒரு சொல் வைத்திருக்கிறார்கள். மந்தை என்று பொருள்படும் லத்தீன் வேரிலிருந்து வந்தது. அணித் தலைவருக்காகக் காற்றைத் தாங்குகிறவர், அணியின் காருக்குப் பின்வாங்கிப் போய் எல்லோருக்கும் தண்ணீர் பாட்டில் சுமந்து வருகிறவர், தலைவரின் டயர் பஞ்சரானால் தன் சக்கரத்தைக் கழற்றிக் கொடுக்கிறவர். பாவ்லோ அந்த வேலையைத்தான் செய்தார். தங்கை வென்ற பந்தயங்களைப் போலவே, அவர் மற்றவர்களை ஜெயிக்கவைத்த பந்தயங்களையும் நான் மதிக்கிறேன். அந்தக் குணம் வீட்டிலேயே இருந்தது.

இருபத்தொரு வயதில், 2013 மார்ச்சில், ஏரிக்கு அந்தக் கரையில் சித்திலியோவில் நடக்கும் ஆல்ஃபிரெதோ பிந்தா கோப்பையைக் கடும் குளிரில் தனியாக வந்து வென்றார். அந்த வருஷமே தேசியப் போட்டியில் விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். மீண்டு வந்து 2015இல் பெல்ஜியத்தின் ஃப்ளாண்டர்ஸ் பந்தயத்தைத் தனியாகவே ஜெயித்தார். அந்தப் பந்தயத்தை வென்ற முதல் இத்தாலியப் பெண் அவர்தான். 2017இல் சியனா நகரத்தின் சதுக்கத்தில் முடியும் ஸ்ட்ராதே பியாங்கே பந்தயத்தையும் வென்றார்.

இத்தனையும் ஜெயித்தபோது அவர் இத்தாலியச் சட்டப்படி தொழில்முறை வீராங்கனையாக இருக்கவில்லை. 1981இல் இத்தாலி ஒரு சட்டம் போட்டது. எந்த விளையாட்டு தொழில், எது இல்லை என்பதை அந்தந்த விளையாட்டுச் சங்கங்களே முடிவு செய்துகொள்ளலாம் என்றது. ஆண்களின் கால்பந்து தொழில், ஆண்களின் சைக்கிள் தொழில். பெண்கள் விளையாட்டு ஒன்றுகூடப் பல பத்தாண்டுகள் அந்தப் பட்டியலில் ஏறவில்லை. முதலில் ஏறியது பெண்கள் கால்பந்து, அதுவும் 2022இல்தான். தொழில் இல்லை என்று ஆனதால் ஓய்வூதியம் இருக்கவில்லை, பேறுகால விடுப்பும் இருக்கவில்லை. அதனால் இத்தாலியில் நன்றாக விளையாடும் பெண்கள் போலீஸ், ராணுவம், சிறைக்காவல் என்று அரசாங்க விளையாட்டுப் பிரிவுகளில் சேர்ந்துகொண்டார்கள். எலிசா போலீஸ் பிரிவான ஃபியாம்மே ஓரோவைச் சேர்ந்தவர். தேசியப் போட்டிகளின் முடிவுப் பட்டியலில் அவர் பெயருக்குப் பக்கத்தில் அந்தப் பெயரைத்தான் போடுவார்கள். அரசாங்கம் கொடுக்கும் அந்தப் பாதுகாப்பை நான் குறை சொல்லமாட்டேன். பல பெண்களை விளையாட்டில் நிறுத்திவைத்தது அதுதான். ஆனால் செய்த வேலையைச் சட்டம் வேலை என்று ஒப்புக்கொள்ளாமல் இருந்தது அநியாயம். உலகச் சைக்கிள் சங்கம் உயர்மட்டப் பெண்கள் அணிகளுக்குக் குறைந்தபட்சச் சம்பளம் என்று ஒன்றை வைத்ததே 2020இல்தான்: வருஷத்துக்கு 15,000 யூரோ. அப்போது எலிசாவுக்கு வயது இருபத்தெட்டு.

பாரிஸ் - ரூபே பந்தயத்தைப் பற்றிச் சொல்லாமல் இவர் கதை நகராது. வடக்கு பிரான்ஸின் வயல்காடுகளுக்கு நடுவே பழைய கருங்கல் பாவிய பாதைகளில் ஓடும் பந்தயம் அது. ஆண்களுக்கு 1896 முதல் நடக்கிறது. பெண்களுக்கு முதல்முறையாக நடந்தது 2021 அக்டோபரில். அன்று பாதையெல்லாம் ஈரம், சேறு. பிரிட்டனின் லிஸி டைக்னன் கோட்டுக்கு 80 கிலோமீட்டருக்கு மேல் இருக்கும்போதே தனியாகப் போய்விட்டார். எலிசாவும் அவரும் ஒரே அணி. தன் அணிக்காரர் முன்னால் போகும்போது பின்னால் இருப்பவர் துரத்தக் கூடாது. துரத்துகிறவர்களுக்கு உதவவும் கூடாது. கால்களில் பலம் மிச்சமிருக்க, அதை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். எலிசா உட்கார்ந்திருந்தார். டைக்னனின் கைப்பிடியில் ரத்தக்கறை படிந்திருந்ததைப் படங்களில் பார்த்தோம். மூன்றாவதாக வந்தவர் யார் என்று இப்போது உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. டைக்னனுக்குக் கிடைத்த பரிசு 1,535 யூரோ. மறுநாள் ஆண்கள் பந்தயத்தை வென்ற இத்தாலியருக்கு 30,000 யூரோ. அதே கற்கள், அதே சேறு.

ஆறு மாதம் கழித்து, 2022 ஏப்ரலில், இரண்டாவது ரூபே. இந்த முறை வெயில், புழுதி. கோட்டுக்கு ஏறக்குறைய 33 கிலோமீட்டர் இருக்கும்போது எலிசா கிளம்பினார். அந்தக் கற்களில் ஓட்டுவதை நெருக்கமாகப் பார்க்க வேண்டும். பாதையின் நடுமுதுகில் கொஞ்சம் மேடாக இருக்கும் பகுதியில் சக்கரத்தை வைக்க வேண்டும். இரண்டு பக்கமும் வண்டிகள் அரைத்த பள்ளம். கனமான கியரில் மிதிக்க வேண்டும், வேகம் குறைந்தால் ஒவ்வொரு கல்லும் தனித்தனியாகத் தூக்கிப் போடும். கைப்பிடியை இறுக்கிப் பிடித்தால் அதிர்வு தோள் வரைக்கும் ஏறும். தளர்வாகப் பிடித்தால் முன்சக்கரம் தன்னிஷ்டத்துக்குப் போகும். இரண்டுக்கும் நடுவில் ஒரு பிடி இருக்கிறது. எலிசாவின் முழங்கைகள் நடுங்கிக்கொண்டே இருந்தன, தலை மட்டும் அசையவில்லை. பின்னால் பெல்ஜியத்தின் லோட்டே கோபெக்கி உட்பட நல்ல கூட்டம் ஒன்று துரத்தியது. அதற்குள்ளே எலிசாவின் அணியைச் சேர்ந்த லூசிண்டா பிராண்ட் உட்கார்ந்திருந்தார். துரத்த உதவாமல், போன வருஷம் எலிசா உட்கார்ந்திருந்த மாதிரியே. இடைவெளி அரை நிமிடம்கூட இல்லை. அது அப்படியே நின்றது. ரூபே நகரத்தின் பழைய சைக்கிள் அரங்கமான வெலோட்ரோமுக்குள் எலிசா தனியாக நுழைந்து, கான்கிரீட் தளத்தில் ஒன்றரைச் சுற்று வந்து, கோட்டைக் கடந்தார். இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொள்ளும் நிலையில்தான் இருந்தேன் நான். இந்தப் பந்தயத்தை வென்றவருக்குக் கொடுக்கும் கோப்பை ஒரு பாதைக்கல். பீடத்தில் பதித்துத் தருவார்கள்.

சொந்த நாட்டின் பல நாள் பந்தயமான ஜிரோ மட்டும் அவருக்கு அதுவரை வசப்படவில்லை. பெண்களுக்கான ஜிரோ 1988இல் தொடங்கியது. முதல் வெற்றி மரியா கனின்ஸுக்கு. அவரும் பனிச்சறுக்கிலிருந்து சைக்கிளுக்கு வந்த இத்தாலியர்தான். பிறகு ஃபபியானா லுபெரினி ஐந்து முறை வென்றார், கடைசியாக 2008இல். அதற்கப்புறம் பெரும்பாலும் நெதர்லாந்தும் அமெரிக்காவும் மாற்றி மாற்றி எடுத்துக்கொண்டன. எலிசா 2017இல் இரண்டாவது, 2020இல் மூன்றாவது. 2023இல் ஒரு நாள் கட்டத்தை வென்றார், மறுநாள் இறக்கத்தில் விழுந்து வீட்டுக்குத் திரும்பினார். முப்பது வயதைத் தாண்டியவருக்கு இனி வராது என்று நானே நம்பிவிட்டேன். அப்படி நம்பியது தப்பு.

2024 ஜூலை 7. பிரெஷியாவில் முதல் நாள், ஒவ்வொருவராகத் தனியாகப் புறப்பட்டுக் கடிகாரத்தோடு மோதும் ஓட்டம். எலிசா வென்று, மொத்த நேரத்தில் முன்னிலையில் இருப்பவர் அணியும் இளஞ்சிவப்பு ஜெர்சியைப் போட்டார். எட்டு நாள் பந்தயம். முதல் நாளே ஜெர்சியைப் போட்டுக்கொண்டால் மீதி ஏழு நாளும் எல்லோரும் உங்களையேதான் குறிவைப்பார்கள். ஏழாம் நாள் பிளாக்ஹவுஸ் மலை. அதன் உச்சிக்குப் போய்ச் சேர்ந்தபோது கோபெக்கிக்கும் அவருக்கும் இடைவெளி ஒரே ஒரு நொடி. ஆறு நாளாகச் சேர்த்துவைத்ததில் ஒரு நொடிதான் மிச்சம். அன்றிரவு அவர் தூங்கினாரோ இல்லையோ, நான் தூங்கவில்லை. கடைசி நாள் லாக்விலாவுக்கு. அந்தச் சிறிய இடைவெளியைக் காத்துக்கொண்டு கோபெக்கியின் சக்கரத்தைப் பிடித்து வருவதுதான் எல்லோரும் எதிர்பார்த்தது. எலிசா கடைசி ஏற்றத்தில் தானே தாக்கினார். கோபெக்கி பின்தங்கினார். மொத்தத்தில் 21 நொடி வித்தியாசம். பதினாறு வருஷத்துக்குப் பிறகு ஜிரோ ஓர் இத்தாலியப் பெண்ணிடம் வந்தது.

அதே வருஷம் மார்ச்சில் இரண்டாவது முறையாக ஃப்ளாண்டர்ஸையும் வென்றிருந்தார். அங்கே முடிவில் மூன்று பேர் இருந்தார்கள்; அவர்களில் ஷிரின் வான் அன்ரோய் அவருடைய அணிக்காரர், வயதில் பத்து வருஷம் இளையவர். அந்தப் பெண் கடைசி கிலோமீட்டர்களில் எலிசாவுக்காக உழைத்துக் கொடுத்தார். கடைசி வேகத்தில் எலிசா போலந்தின் கசியா நீவியடோமாவை முந்தினார். வேகம் போதாது என்று மேலே எழுதினேனே, அன்றைக்குப் போதுமானதாக இருந்தது. அன்று மூன்றாவதாக வந்தவர் வான் அன்ரோய்.

2025இல் அணி மாறினார். இருபது வருஷம் நின்றுபோயிருந்த பெண்கள் மிலான் - சான்ரெமோ அந்த மார்ச்சில் திரும்ப நடந்தது. முடிவுக்குக் கொஞ்சம் முன்பு தனியாகத் தப்பித்து, ஊருக்குள் முதலாவதாக வந்தார் எலிசா. கோடு கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் கூட்டம் விழுங்கிவிட்டது. ரியோவில் அபாட்டுக்கு அவர் செய்ததை இங்கே மற்றவர்கள் அவருக்குச் செய்தார்கள்.

ஜூலையில் மறுபடியும் ஜிரோ. ஏழாம் நாள் மோந்தே நெரோனே மலையில் சுவிட்சர்லாந்தின் மார்லென் ராய்சரிடமிருந்து ஜெர்சியைப் பிடுங்கினார். மறுநாள் பந்தயம் இமோலாவின் மோட்டார் பந்தயத் தடத்தில் முடிந்தது. 2020 உலகச் சாம்பியன் பந்தயமும் அங்கேதான் முடிந்தது. மணிக்கட்டு உடைந்த கையோடு ஓட்டிய வான் ஃப்ளூட்டனிடம் வெள்ளியை நூலிழையில் விட்டு எலிசா மூன்றாவதாக வந்த இடம். ஐந்து வருஷம் கழித்து அதே கோட்டை, முப்பத்து மூன்று வயதில், இளஞ்சிவப்பு ஜெர்சியோடு கடந்தார். 18 நொடி வித்தியாசத்தில் இரண்டாவது ஜிரோ.