தபால்காரரைத் திருப்பி அனுப்பலாமா?

ஆடித் தேர் முடிந்த மறு வாரம், எங்கள் தெரு அக்கா ஒருவர் கையில் கோர்ட் சம்மனோடு மூச்சிரைக்க ஓடி வந்தார்.

"அந்த நோட்டீஸை நான் வாங்கவே இல்லையே தாயி! போஸ்ட்மேன் வர்றதைப் பார்த்து முன்வாசலைப் பூட்டிட்டுக் கொல்லைப் பக்கமா போயிட்டேன். வாங்காத நோட்டீஸுக்குக் கேஸ் எப்படி வரும்?"

தையல் கடைக்கு வாங்கிய கடனுக்காகக் கொடுத்த செக், பணமில்லாமல் பாங்கிலிருந்து திரும்பியிருந்தது. அப்படித் திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் கடன் கொடுத்தவர் நோட்டீஸ் அனுப்பவேண்டும். அது கிடைத்த 15 நாளுக்குள் நாம் பணம் கட்டாவிட்டால் கேஸ்தான். இரண்டு வருஷம் வரை சிறை, அல்லது செக் தொகையைப் போல் இரு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டுமே. 1989 ஏப்ரலிலிருந்து இதுதான் சட்டம். தண்டனையையும் நோட்டீஸ் அனுப்பும் கெடுவையும் பின்னால் கூட்டினார்கள்.

கையெழுத்துப் போடாவிட்டால் தப்பித்தோம் என்றுதான் நம்மில் பலர் நினைக்கிறோம். (என் மாமியாரும் அந்தக் கட்சிதான்!) ஆனால் 1897-ம் வருஷத்துச் சட்டம் ஒன்றின் 27-வது பிரிவு வேறு மாதிரி சொல்கிறது. சரியான விலாசம் எழுதி, கட்டணம் கட்டி, ரிஜிஸ்தரில் போட்டுவிட்டால், வழக்கமாகப் போய்ச் சேரும் நாளில் சேர்ந்ததாகவே கணக்கு. ரிஜிஸ்தர் தபால் 2025 செப்டம்பரில் ஸ்பீடு போஸ்ட்டோடு சேர்ந்துவிட்டது. ஆகவே அந்தக் கவரையும் அலட்சியம் செய்யாதீர்கள்.

கேரளத்து வழக்கு ஒன்றில் இதே சந்தேகம் வந்து, சுப்ரீம் கோர்ட்டில் மூன்று நீதிபதிகள் 2007 மே மாதம் தீர்த்து வைத்தார்கள். 'வாங்க மறுத்தார்', 'வீடு பூட்டியிருந்தது' என்று கவர் திரும்பினாலும் நோட்டீஸ் கிடைத்ததாகவே கொள்ளலாம். உண்மையிலேயே ஊரில் இல்லை, விலாசம் தப்பு என்றால் அதை நிரூபிக்க வேண்டியது நாம்தான்.

"அப்பீல் போனா?" என்றார் அக்கா. மதுரை ஹைகோர்ட் கிளை வரைக்கும் போகலாம். ஆனால் அரசியல் சட்டம் 141-வது பிரிவின்படி, சுப்ரீம் கோர்ட் சொன்ன சட்டம் எல்லாக் கோர்ட்டுகளையும் கட்டுப்படுத்தும். அங்கேயும் இதே பதில்தான் கிடைக்கும்.

அதே தீர்ப்பு ஒரு வழியும் விட்டிருக்கிறது. நோட்டீஸ் கிடைக்கவில்லை என்கிறவர், சம்மன் வந்த 15 நாளுக்குள் செக் பணத்தைக் கட்டிவிட்டுக் கோர்ட்டில் சொல்லலாம். சம்மனில் கையெழுத்துப் போட்ட தேதியைப் பார்த்தேன். பதினோரு நாள் ஓடிவிட்டது!

அன்றைக்கே திண்டுக்கல் இலவச சட்ட உதவி மையத்துக்குக் கூட்டிப் போனேன். பெண்களுக்கு அங்கே வருமான வரம்பு கிடையாது. வரும் வழியில் அக்காவின் இரண்டு வளையல்களும் அடகுக் கடைக்குப் போயின. பதினாலாம் நாள் பணம் கட்டி ரசீது வாங்கினோம்.