கேமராவுக்கு முன்னால் கேட்க வேண்டியது

தென்கொரியாவின் கேபிஎஸ் தொலைக்காட்சி, கொரியப் போரில் பிரிந்த குடும்பங்களைத் தேடும் நேரலை நிகழ்ச்சி ஒன்றை 1983 ஜூன் 30 அன்று தொடங்கியது. ஒன்றரை மணி நேரத்துக்குத் திட்டமிட்டது 138 நாட்கள் நீண்டது. மொத்தம் 453 மணி 45 நிமிடம். 10,189 சந்திப்புகள் நடந்தன. மக்கள் தங்கள் பெயர், பிறந்த ஊர், பெற்றோர் பெயர், உடம்பிலுள்ள தழும்பு வரை அட்டையில் எழுதிப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். சின்ன வயதில் தொலைந்த பிள்ளைக்கு முகவரி தெரியாது, தழும்பு தெரியும்.

அங்கே பிரித்தது எது என்று யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை. போர் என்று எல்லோருக்கும் தெரியும். நம் பக்கம் அப்படியில்லை தோழர்களே. மலையகத் தமிழர் குடும்பம் ஒன்று சேர்வதைக் காட்டும்போது "விதி பிரித்தது" என்று எளிதாகச் சொல்லிவிடுகிறார்கள். (பின்னணியில் வயலின் வேறு.) விதியல்ல. 1948ல் இலங்கை குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964ல் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று தலைகளை எண்ணிப் பங்கு போட்டது. யாரையும் கேட்கவில்லை. அண்ணனுக்கு இந்தியப் பாஸ்போர்ட், தங்கைக்கு இலங்கைப் பிரஜாவுரிமை என்று ஒரே லயத்தில் பிறந்தவர்கள் பிரிந்தார்கள். தலைமன்னாரிலிருந்து ராமேஸ்வரத்துக்குக் கப்பல் ஏறியவர்கள் மண்டபம் முகாம் வழியாக நீலகிரிக்கும் இன்னும் பல ஊர்களுக்கும் சிதறினார்கள். போர் வந்ததும் கப்பலும் நின்றுபோனது.

இவர்களைத் தேடுவது லேசான வேலையல்ல. எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதிய பெயர்கள். ஒரே தோட்டத்தில் எத்தனையோ லெட்சுமிகள், முத்துசாமிகள். தோட்டத்துக்கு ஆவணத்தில் ஒரு பெயர், மக்கள் வாயில் இன்னொரு பெயர். அதனால் தேடுகிறவர் கங்காணி பெயரைக் கேட்பார், பாட்டனின் சொந்த ஊரைக் கேட்பார். ஊரைக் கேட்டால் தெருவைக் கேட்க வேண்டும். தெரு என்றால் சேரியா, ஊரா என்பதும் வந்துவிடும். மலையகத்துக்குப் போனவர்களில் பெரும்பகுதியினர் ஒடுக்கப்பட்ட சாதிகளைச் சேர்ந்தவர்கள். ஆளைத் தேடும் வேலை சாதியையும் தேடி எடுத்துவிடுகிறது.

கண்டுபிடிக்கப்பட்ட தங்கை ஒருவேளை சாதியைச் சொல்லாமலே ஒரு ஊரில் வாழ்ந்து, பிள்ளைகளைக் கட்டிக்கொடுத்திருக்கலாம். கேமரா வாசலில் நின்றால் அன்று மாலையே சம்பந்தி வீட்டுக்குத் தெரிந்துவிடும். தேடுகிற அண்ணனிடம் பத்துமுறை சம்மதம் கேட்பவர்கள், தேடப்படுகிறவரிடம் கேட்பதே இல்லை. அவர் ஆச்சரியப்படும் முகம்தான் வேண்டுமாம்!

இத்தகைய குழுக்களுக்கு நம்மில் பலர் களத்தில் உதவுகிறோம். இனி மூன்று நிபந்தனைகளோடு உதவுவோம். கேமரா இல்லாமல் முதலில் ஒருவர் போய் அவரிடம் கேட்கட்டும். வேண்டாம் என்றால் அவர் இருக்குமிடத்தை அண்ணனுக்கும் சொல்லக் கூடாது, கடிதத்தை மட்டும் கொடுத்து வாங்கட்டும். ஒளிபரப்பில் 1948, 1964 இரண்டும் சொல்லப்பட வேண்டும். தொலைக்காட்சி வராத குடும்பங்களுக்காக, மண்டபம் முகாமின் பழைய பதிவேடுகளை உறவினர்கள் பார்க்க அரசு வழி செய்ய வேண்டும் என்றும் கேட்போம். கப்பலில் வந்தவர்களுக்கு இப்போது எழுபது, எண்பது வயது.