முத்திரை இல்லாதவன் கலைஞன் இல்லையா?

மெக்ஸிக்கோ சினிமா என்றதும் விமர்சகர்கள் புனுவலின் பெயரைச் சொல்வார்கள். ரொபேர்தோ கவால்தோனின் (1909–1986) பெயரை எடுத்தால் உதட்டைப் பிதுக்குவார்கள். எல்லா வகைப் படங்களையும் எடுத்தவராம், நல்ல தொழில்காரராம், ஆனால் தனக்கென ஒரு முத்திரை இல்லாதவராம். இந்தத் தீர்ப்பை நான் மறுக்கின்றேன்.

இதன் ஊற்று எங்கே? நெறியாளரே படைப்பாளி என்ற கொள்கையை 1950களில் 'கையே து சினிமா' என்ற பிரெஞ்சுச் சஞ்சிகை முன்வைத்தது. 1961இல் மெக்ஸிக்கோவில் தோன்றிய 'நுவேவோ சினே' குழுவினர் அதே அளவுகோலைக் கையிலெடுத்தனர். ஸ்டூடியோவில் வளர்ந்தவர்கள் அதில் தேறவில்லை. புனுவலும் அதே ஸ்டூடியோக்களில் 'கிரான் கசினோ' (1947) போன்ற வணிகப் படங்களை எடுத்தவர்தானே? அவருக்குக் காட்டிய தாராளம் மற்றவருக்கு ஏன் இல்லை?

கவால்தோன் செய்தவற்றைப் பாருங்கள். 'லா பர்ராக்கா' (1945) ஸ்பானிய விவசாயிகளின் கதை. முதலாவது ஆரியேல் விருது வழங்கலில் சிறந்த படமாகத் தெரிவானது. 'லா ஒத்ரா'வில் (1946) வறிய சகோதரி தன் செல்வந்த இரட்டையைக் கொன்று அவளது இடத்தைப் பிடிக்கிறாள்; ஆனால் இறந்தவள் செய்த குற்றத்துக்குரிய தண்டனையும் அவள் தலையிலேயே விழுகிறது. 'ரொசாவுரோ காஸ்த்ரோ' (1950) ஓர் ஊர்ச் சண்டியனின் அதிகாரத்தைக் காட்டுகிறது. 'மகாரியோ'வில் (1960) பசியில் வாடும் விறகுவெட்டி ஒரு முழு வான்கோழியைத் தனியே உண்ண ஆசைப்பட்டு, ஈற்றில் மரணத்தோடு அதைப் பகிர்கிறான். ஒஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்ட முதல் மெக்ஸிக்கோப் படம் அது.

வகைகள் வேறு வேறுதான். ஆனால் பணமும் பசியும் அதிகாரமும் மனிதனை எப்படி மூலைக்குள் தள்ளுகின்றன என்ற கேள்வி இவை எல்லாவற்றிலும் கேட்கின்றது. இடதுசாரி எழுத்தாளர் ஹொசே ரெவுவெல்தாஸ் அவருக்குப் பல திரைக்கதைகளை எழுதியது தற்செயல் அல்ல. முத்திரையைக் கமராக் கோணத்தில் மட்டும் தேடுபவருக்கு இது தென்படாது.

கூலிக்குப் படமெடுத்தவர் என்போருக்கு 'ரோசா பிளாங்கா' ஒன்றே போதும். தன் நிலத்தை விற்க மறுக்கும் விவசாயியை அமெரிக்க எண்ணெய்க் கம்பனி அழிக்கின்ற கதை அது. பி. டிராவனின் எழுத்தைத் தழுவி 1961இல் எடுக்கப்பட்ட அப்படம் தடுத்து வைக்கப்பட்டு, 1972இல்தான் திரைக்கு வந்தது. எண்ணெய் வளத்தை 1938இல் தேசியமயமாக்கிய நாட்டிலேயே இது நடந்தது. பிழைப்பை மட்டும் பார்ப்பவன் இப்படியொரு கதையைத் தொடுவானா?

அவரது படங்கள் எல்லாமே சிறந்தவை என்று நான் வாதாடவில்லை. மெலோட்ராமாவின் மிகை சிலவற்றில் உண்டு. ஆனால் பலவீனமான படத்தைப் பலவீனம் என்று சொல்வது ஒன்று. பலவகை எடுத்ததையே பலவீனம் என்பது இன்னொன்று. கணிதத்திலும் தமிழிலும் சித்திரத்திலும் ஒருங்கே தேறும் பிள்ளைக்கு நாங்கள் புள்ளியைக் குறைப்பதில்லை.

2019இல் சான் செபஸ்தியான் திரைப்பட விழா கவால்தோனின் படங்களை மீள்பார்வைக்கு எடுத்தது. அவர் மறைந்து 33 ஆண்டுகளின் பின்னர்! தாமதத்துக்குக் காரணம் படங்கள் அல்ல, அளவுகோல். முதலில் படத்தைப் பார்ப்போம், பட்டியலைப் பிறகு எழுதுவோம்.