வண்டி எடுத்து வந்தவர்



போன செமஸ்டரில் எங்க ஹாஸ்டல் அறையில் ஒரு சண்டை. ஜெர்மன் மொழி வகுப்புக்குப் போகும் என் ரூம்மேட், காது பழகட்டும்னு 'டெரிக்' என்ற பழைய ஜெர்மன் போலீஸ் தொடரை லேப்டாப்பில் ஓட விடுவான். கீழே வரும் ஆங்கில எழுத்தைப் படித்தபடி நானும் ஒட்டிக்கொண்டேன். டெரிக்காக ஹோர்ஸ்ட் டாப்பர்ட். பக்கத்தில் உதவியாளர் ஹாரி க்ளைனாக ஃப்ரிட்ஸ் வெப்பர். 1974 முதல் 1998 வரை 281 பகுதிகள்.

"இருபத்து நாலு வருஷம் பின்னாடியே நின்னதுதான் மிச்சம். நாளைக்கு நாமளும் எஞ்சினீயர் பின்னாடி இப்படித்தான் நிக்கப் போறோம்" என்றான். அந்த இரண்டாவது வரிதான் எனக்குச் சுருக்கென்றது.

அவனை மட்டும் குறை சொல்ல முடியாது. "ஹாரி, போய் வண்டியை எடு" என்பது ஜெர்மனி முழுக்கப் பிரபலமான கேலி வாசகம். வேடிக்கை என்னன்னா, ஜனங்கள் சொல்லும் அதே வடிவில் அந்த வசனம் தொடரில் எங்கேயுமே கிடையாது!

1941-ல் மியூனிக்கில் பிறந்தவர் வெப்பர். 1959-ல் பெர்ன்ஹார்ட் விக்கி இயக்கிய 'பாலம்' படம் வந்தபோது நம்ம பாலிடெக்னிக் பசங்க வயசுதான். இரண்டாம் உலகப்போரின் கடைசி நாட்களில், ஒன்றுக்கும் உதவாத ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்படும் ஏழு பள்ளிப் பையன்களின் கதை. கடைசியில் உயிரோடு மிஞ்சுவது ஒருத்தன்தான். அந்த வேஷம் இவருக்கு.

1972-ல் 'காபரே'. எட்டு ஆஸ்கார் வாங்கிய படம். லைசா மினெல்லியைப் பற்றிப் பக்கம் பக்கமாய் எழுதியிருக்கிறார்கள், நான் வேறு எதற்கு? நான் பார்த்தது வெப்பரை. நாஜிகள் தலையெடுக்கும் பெர்லினில், தான் யூதன் என்பதை மறைத்து வாழும் ஒரு இளைஞன். பணக்கார யூதப் பெண்ணை முதலில் காசுக்காக வளைக்கப் பார்த்து, பிறகு நிஜமாகவே மனசைப் பறிகொடுக்கிறான். ஒரு கட்டத்தில் அவள் வீட்டுக் கதவைத் தட்டி, நான் யூதன் என்று சொல்லிவிடுகிறான். காதலும் பயமும் ஒரே முகத்தில். அடுத்து அந்த ஊரில் என்ன நடக்கும் என்று நமக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது.

இப்படிப்பட்ட ஆள் ஏன் ஹாரியாகவே இருந்தார் என்பது நியாயமான கேள்விதான். 1969-லேயே 'டெர் கொமிசார்' தொடரில் இதே ஹாரி க்ளைன் வேஷம். 1974-ல் அந்தப் பாத்திரத்தோடு 'டெரிக்'குக்கு மாறினார். காலியான இடத்துக்கு வந்தவர் அவர் சொந்தத் தம்பி எல்மார், கதையிலும் ஹாரியின் தம்பியாகவே! இரண்டு தொடரையும் எழுதியவர் ஹெர்பர்ட் ரைனெக்கர். என்னைக் கேட்டால் குற்றம் அவர் பேனாவில்தான் இருக்கிறது. சில பகுதிகளில் ஹாரிக்குப் பத்து வரிகூடத் தேறாது.

ஆனால் அந்த வரி இல்லாத நேரத்தில் அவரைக் கவனியுங்கள். டெரிக் கேள்வி கேட்கிறார், எதிராளி கூசாமல் பொய் சொல்கிறான். டெரிக் முகம் கல் மாதிரி இருக்கும். ஹாரி லேசாகத் தலையைத் திருப்புவார், அவ்வளவுதான். அவன் பொய் சொல்கிறான் என்று நமக்குப் பிடிபட்டுவிடும். வசனம் பேச நிறையப் பேர் கிடைப்பார்கள். அடுத்தவன் பேசும்போது காட்சியைத் தாங்க எத்தனை பேருக்குத் தெரியும்?

தன்னைப் பற்றிய கேலிக்கும் அவர் முகம் சுளித்ததாகத் தெரியவில்லை. 2004-ல் 'டெரிக்'கைக் கிண்டலடித்து வந்த கார்ட்டூன் படத்தில் ஹாரிக்குக் குரல் கொடுத்தவரே அவர்தான்.

அப்புறம் 2002-ல் 'உம் ஹிம்மல்ஸ் வில்லன்' என்ற தொடர். கன்னியாஸ்திரீகளின் மடத்தை அபகரிக்கத் திட்டம் போட்டுப் போட்டு மூக்குடைபடும் ஊர் மேயர். இந்தத் தடவை கதையே அவரைச் சுற்றித்தான். வயசு அறுபதைத் தொட்டிருந்தது. 2021 வரை ஓடியது. 2024 மார்ச்சில், 82 வயதில் காலமானார்.

ரூம்மேட் இன்னும் ஒத்துக்கலை. "மேயர் ஆக அறுபது வயசு வரைக்கும் காத்திருக்கணுமா?" என்கிறான். அதுக்கு என்கிட்ட பதில் இல்லை. ஆனா 'காபரே'வை அவனே ரெண்டாவது தடவை போட்டுப் பார்த்தான்.