மழை மாதத்தில் நாதியற்றவன்

வடகிழக்குப் பருவமழை இறங்கியதும் மரக்காணம் உப்பளப் பாத்திகள் நீரில் மூழ்கிவிடுகின்றன. தை பிறந்து வெயில் ஏறும்வரை வேலை கிடையாது. உப்பு வாரும் பலகையைச் சுவரில் சாத்தி வைக்கலாம்; வயிற்றை எங்கே சாத்தி வைப்பது?

கிழக்குக் கடற்கரைச் சாலையில் பஸ் ஏறினால், நூறு கிலோமீட்டருக்குச் சற்று மேலே சென்னை. விடியுமுன் தெருமுனையில் நிற்கிறான் நம் தோழன். மேஸ்திரி வந்து, தோளையும் கையையும் பார்த்து ஆள் பொறுக்குகிறார். ஆனால் உப்பளத்தை மூடிய அதே மழைதான் பட்டணத்தில் கட்டட வேலையையும் நிறுத்துகிறது! பத்துப் பேர் வேண்டிய இடத்தில் ஐம்பது பேர். பக்கத்தில் நிற்பவன் தோழனல்ல, போட்டிக்காரன். அவனைக் கழித்தால்தான் இவனுக்குச் சோறு. லட்சம் பேர் நடக்கிற தெருவில் இவனைப் பேர் சொல்லிக் கூப்பிட ஒருவரில்லை. ஊருக்குப் போன் செய்யவும் வெட்கம். வீட்டிலிருப்பவள் முதலில் கேட்பது, "வேலை கிடைத்ததா?" என்றுதானே!

இதற்குத்தான் கனவான்கள் 'தனிமை' என்று பெயரிட்டிருக்கிறார்கள். பிரிட்டன் 2018-இல் இதற்கென்று ஒரு மந்திரியையே நியமித்தது. உலக சுகாதார நிறுவனம் 2023-இல் ஆணையம் அமைத்தது; ஆறு பேரில் ஒருவர் தனிமையில் வாடுவதாக 2025-இல் அதன் அறிக்கை கூறிற்று. கணக்கை நாம் மறுக்கவில்லை. ஆனால் "நாலு பேரோடு பழகு" என்கிறார்களே நம்மூர் உபதேசிகள், டீக்கடை பெஞ்சில் உட்காரவும் காசு வேண்டும், ஐயா!

சர்க்கார் செய்ததென்ன? 2022-இல் உப்பளத் தொழிலாளர் குடும்பத்துக்கு மழைக்கால நிவாரணமாக 5,000 ரூபாய் கொடுக்கத் தொடங்கியது. வேண்டாமென்று சொல்வோமா? ஆனால் அக்டோபர் முதல் டிசம்பர் வரை 92 நாள். வகுத்துப் பாருங்கள்: ஒரு குடும்பத்துக்கு நாளொன்றுக்கு 54 ரூபாய்! 2005-ஆம் ஆண்டின் ஊரக வேலைச் சட்டம் 100 நாள் வேலை என்றது. மரக்காணமோ பேரூராட்சி, ஆகவே அந்தச் சட்டம் அதற்கு எட்டவில்லை. பட்டினிக்கு ஊராட்சி, பேரூராட்சி என்ற பேதம் உண்டா?

வெயிலில் நம்மவர்கள் வாரி, பெண்கள் தலைச்சுமையாய்க் கொட்டிய உப்பு, கரையில் குவியலாய் மூடிக் கிடக்கிறது. மழைக்காலத்தில் அதற்கு விலை ஏறுகிறது. வாரியவனுக்கு மட்டும் கூலி இல்லை! அந்த ஏற்றத்திலிருந்து 92 நாளுக்கும் மழைக்காலக் கூலி வேண்டும். பேரூராட்சியிலும் சர்க்கார் வேலை வேண்டும்.

தெருமுனையில் நிற்கும் தோழர்களே! பக்கத்தில் நிற்பவரின் பேரைக் கேளுங்கள். இன்ன கூலிக்குக் குறைந்து எவரும் போவதில்லையென்று பேசி முடியுங்கள். மேஸ்திரி வர இன்னும் அரைமணி நேரமிருக்கிறது.