சாலை விரிந்தால் உரிமை சுருங்குமா?

கேள்வி: தேசிய நெடுஞ்சாலையை அகலப்படுத்த எங்கள் வீட்டின் முன்பகுதியையும் கிணற்றையும் எடுக்கப்போவதாக நாளிதழில் அறிவிப்பு வந்துள்ளது. எங்களுக்குக் கடிதம் ஏதும் வரவில்லை. வரும்வரை காத்திருக்கலாமா?

பதில்: காத்திருத்தல் ஆகாது, அம்மா. 1956ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டப்படி, நிலம் எடுக்கும் எண்ணம் அரசிதழில் வெளியிடப்படும். அதன் சாரம் இரு உள்ளூர் நாளிதழ்களில் வரும். அரசிதழில் வெளியான நாளிலிருந்து 21 நாள்களுக்குள் நில எடுப்பு அலுவலரிடம் காரணங்களுடன் எழுத்து மூலம் ஆட்சேபணை தெரிவிக்க வேண்டும். நேரிலோ வழக்கறிஞர் வாயிலாகவோ அவர்முன் எடுத்துரைக்கவும் உரிமை உண்டு.

ஆட்சேபணை தள்ளப்பட்டு, அடுத்த அறிவிக்கை வெளியானதும் நிலம் மத்திய அரசின் உடைமையாகிவிடும். எனினும், இழப்பீட்டுத் தொகையைச் செலுத்தி வைத்த பின்னரே நிலத்தைக் கையகப்படுத்த இயலும். நிலத்தோடு கட்டடம், கிணறு, மரங்களுக்கும் மதிப்புக் கோருங்கள். 2013ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம் வழங்கும் 100 விழுக்காடு ஆறுதல் தொகையும் சேரும். தொகை குறைவெனில் நடுவரிடம் முறையிடலாம்.

பத்திரம், பட்டா, வரி இரசீதுகளை இன்றே திரட்டுங்கள். பட்டா மறைந்த தந்தையார் பெயரில் இருந்து, அவர் உயில் எழுதாதிருந்தால், கிறிஸ்தவக் குடும்பங்களில் மணமாகிச் சென்ற சகோதரிகளுக்கும் சமபங்கு உண்டு. அவர்களையும் உடனழைத்துச் செல்லுங்கள். சாலையின் பொருட்டு உடன்பிறப்புகள் பிரிந்துவிடக் கூடாது.